சுதந்திரம் தபாலில் வந்த நாடு

செப்டம்பர் 14-ம் தேதி சாயங்காலம். மணி ஆறாகப் போகிறது. கோஸ்டா ரிக்காவின் தெருக்களில் குழந்தைகள் கையில் விளக்கோடு நிற்கிறார்கள். எல்லாம் வீட்டில் செய்த விளக்குகள். அட்டையை வெட்டி, வண்ணக் காகிதம் ஒட்டி, உள்ளே ஒரு மெழுகுவத்தியோ சின்ன பல்போ வைத்துச் செய்தவை. சிலது ஓட்டு வீடு மாதிரி இருக்கும். சிலது மாட்டு வண்டி மாதிரி. முந்தின நாள் ராத்திரி வரை அம்மாவும் அப்பாவும் பசையும் கத்தரிக்கோலுமாக உட்கார்ந்து செய்தது என்று பார்த்தாலே தெரியும்.

சரியாக ஆறு மணிக்கு வானொலியிலும் தொலைக்காட்சியிலும் தேசிய கீதம் ஒலிக்கும். சாலையில் போய்க்கொண்டிருப்பவர்களில் பலர் காரை ஓரங்கட்டிவிட்டு இறங்கி நிற்பார்கள். பாட்டு முடிந்ததும் விளக்குகள் வரிசையாக நகர ஆரம்பிக்கும். மறுநாள், செப்டம்பர் 15, அந்த நாட்டின் சுதந்திர தினம்.

இந்த விளக்கு ஊர்வலத்துக்கு ஒரு கதை உண்டு. 1821-ம் ஆண்டு, குவாதமாலா நகரம். மத்திய அமெரிக்கா முழுவதும் ஸ்பெயினின் ஆட்சியில் இருந்தது. அதற்குத் தலைநகர் குவாதமாலா. அங்கே அரண்மனைக்குள் பெரிய மனிதர்கள் கூடி, ஸ்பெயினிலிருந்து பிரிவதா வேண்டாமா என்று பேசிக்கொண்டிருந்தார்கள். வெளியே டோலோரஸ் பெடோயா என்ற பெண்மணி, ஆட்களைத் திரட்டி, மேளம் கொட்டி, வாணவேடிக்கை விடச் செய்து கூட்டம் சேர்த்தார். உள்ளே இருந்தவர்களுக்குச் சத்தம் கேட்டது. ஊரே திரண்டுவிட்டது என்று நினைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார்கள் என்பார்கள். அதற்கு முந்தின ராத்திரி கையில் விளக்கோடு வீடு வீடாகப் போய் ஜனங்களை அழைத்தவரும் அவர்தானாம். அந்த விளக்கின் நினைவாகத்தான் இந்தக் குழந்தைகளின் கையில் விளக்கு.

ஆனால், இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. அந்த ராத்திரி கோஸ்டா ரிக்காவில் யார் கையிலும் விளக்கு இல்லை. எல்லோரும் தூங்கிக்கொண்டிருந்தார்கள். மறுநாள் காலையில் தாங்கள் சுதந்திர மனிதர்களாக எழுந்தது அவர்களுக்குத் தெரியாது. அதற்கடுத்த நாளும் தெரியாது. கடிதம் வந்து சேர்ந்தது அக்டோபர் 13-ம் தேதி. இருபத்தெட்டு நாட்கள் கழித்து!

பேரில் மட்டும் செல்வம்

கோஸ்டா ரிக்கா என்றால் ஸ்பானிய மொழியில் 'செல்வக் கரை' என்று பொருள். 1502-ல் கொலம்பஸ் தன் நான்காவது பயணத்தில் இந்தக் கரையில் வந்து இறங்கினார். தங்கம் கொட்டிக் கிடக்கும் என்ற ஆசையில் பிறந்த பெயர் அது. தோண்டிப் பார்த்தவர்களுக்குப் பெரிதாக ஒன்றும் கிடைக்கவில்லை. மெக்ஸிகோவைப் போலவோ பெருவைப் போலவோ வெள்ளிச் சுரங்கம் இல்லை. வேலைக்குப் பிடித்துப் போடப் பெரிய ஜனக்கூட்டமும் இல்லை. இருந்த பூர்வகுடிகளில் பெரும்பகுதியினரை அம்மையும் மற்ற நோய்களும் கொண்டுபோயின. மிஞ்சியவர்களில் பலர் தலமங்கா மலைக்காட்டுக்குள் ஒதுங்கிவிட்டார்கள்.

குடியேறியவர்களின் பாடும் திண்டாட்டம்தான். வெள்ளிக் காசு கண்ணில் படாததால் 1709-ல் கொக்கோ விதையையே அதிகாரபூர்வமான நாணயமாக அறிவிக்க வேண்டி வந்தது. சாக்லேட் செய்கிற அதே கொக்கோ விதைதான். 1719-ல் அங்கே ஆளுநராக இருந்தவர், அமெரிக்கக் கண்டத்தில் ஸ்பெயினுக்கு இருக்கும் இடங்களிலேயே ஏழ்மையானது இதுதான் என்று மன்னருக்கு எழுதினார். ஆளுநரே தன் சாப்பாட்டுக்குத் தானே பயிர் வைக்க வேண்டியிருந்தது என்று சொல்வார்கள்.

இந்த ஏழ்மையை வைத்து அந்த நாட்டுப் பள்ளிக்கூடங்களில் வெகு காலம் ஓர் இனிமையான கதை சொன்னார்கள். எல்லோரும் ஏழை, எல்லோரும் சமம், அதனால்தான் இங்கே சண்டை இல்லை என்று. கதையில் பாதி உண்மை. மீதிப் பாதிக்கு பாப்லோ பிரெஸ்பெரே சாட்சி. தலமங்கா மலைப் பூர்வகுடிகளின் தலைவர் அவர். தன் ஜனங்களை ஊரைவிட்டுப் பெயர்த்துக் கொண்டுபோகத் திட்டமிருக்கிறது என்று தெரிந்ததும் 1709-ல் கிளர்ந்தெழுந்தார். கொக்கோ விதை காசான அதே வருடம். அடுத்த ஆண்டு ஜூலை 4-ம் தேதி கார்த்தகோ நகரில் அவரைக் கொன்றார்கள். ஆக, சுதந்திரத்துக்காக இந்த மண்ணில் யாரும் ரத்தம் சிந்தவில்லை என்று சொல்லிவிட முடியாது. சிந்தியவர்களின் பெயர் சுதந்திரக் கதையில் சேரவில்லை, அவ்வளவுதான்.

கோவேறு கழுதையில் வந்த செய்தி

குவாதமாலாவில் போட்ட கையெழுத்து கார்த்தகோ வந்து சேர நிகரகுவாவைத் தாண்டி வர வேண்டும். மழைக்காலம் வேறு. ஆறுகளில் வெள்ளம், மலைப் பாதையில் சேறு. தபால்காரர்கள் கோவேறு கழுதையில் ஊர் ஊராகக் கை மாற்றிக் கொண்டுவந்தார்கள்.

வழியில் நிகரகுவாவின் லியோன் நகரம். கோஸ்டா ரிக்கா நிர்வாகத்தில் லியோனுக்குக் கட்டுப்பட்டது. அங்கிருந்த அதிகாரிகள் குவாதமாலாக் கடிதத்தைப் பார்த்துவிட்டுத் தங்கள் பங்குக்கு ஒன்று எழுதினார்கள். குவாதமாலாவிலிருந்து நாங்கள் பிரிகிறோம். ஸ்பெயினிலிருந்து பிரிவதைப் பற்றி, இப்போது சூழ்ந்திருக்கும் மேகமெல்லாம் விலகட்டும், அப்புறம் பார்க்கலாம் என்பது அதன் சாரம். சரித்திரத்தில் அதற்கு 'மேகங்களின் அறிக்கை' என்றே பெயர் நிலைத்துவிட்டது.

ஆக, கார்த்தகோவுக்கு வந்து சேர்ந்தது இரண்டு கடிதங்கள். ஒன்று, நீங்கள் சுதந்திரம் பெற்றுவிட்டீர்கள் என்கிறது. இன்னொன்று, பொறுங்கள், அவசரப்படாதீர்கள் என்கிறது.

அன்றைக்கு அந்த மாகாணத்தில் இருந்தது சுமார் அறுபதாயிரம் பேர். எதிர்த்து நிற்க ஸ்பெயினின் பெரிய படை எதுவும் அங்கே இல்லை. ஆகவே, சண்டை போட்டு வாங்க வேண்டியதில்லை. ஆனால், கையில் வந்து விழுந்ததை என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. கார்த்தகோ, சான் ஹோசே, எரேதியா, அலஹுவேலா என்று நான்கு ஊர்கள். நான்கும் பக்கத்துப் பக்கத்தில் இருந்தாலும் நான்குக்கும் நான்கு யோசனை. கூடிக் கூடிப் பேசினார்கள். அக்டோபர் 29-ம் தேதி கார்த்தகோவில் ஸ்பெயினிலிருந்து முழுச் சுதந்திரம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள். டிசம்பர் 1-ம் தேதி ஒரு தற்காலிக அரசியல் சட்டமும் எழுதிக்கொண்டார்கள். 'இணக்க உடன்படிக்கை' என்று அதற்குப் பெயர் வைத்தார்கள்.

பெயரில் இருந்த இணக்கம் ஊர்களுக்குள் நீடிக்கவில்லை.

செத்துப்போன பேரரசுக்கு ஒரு சண்டை

கேள்வி ஒன்றே ஒன்றுதான்: இனி யாரோடு சேர்வது?

மெக்ஸிகோவில் அப்போது அகஸ்டின் இதுர்பிடே என்ற தளபதி தன்னைப் பேரரசராக்கிக்கொண்டிருந்தார். பழைய தலைநகரான கார்த்தகோவும் எரேதியாவும் அந்தப் பேரரசோடு சேர வேண்டும் என்றன. பெரிய மரத்தின் நிழலில் ஒதுங்குவது நல்லது என்ற நினைப்பு. சான் ஹோசேயும் அலஹுவேலாவும் வேண்டாம் என்றன. ஒரு ராஜாவிடமிருந்து தப்பித்து இன்னொரு ராஜாவிடம் போய் நிற்பானேன் என்பது அவர்களுடைய கேள்வி.

1823 மார்ச் மாதக் கடைசியில் பேரரசுக் கட்சிக்காரர்கள் கார்த்தகோவில் படைவீட்டைக் கைப்பற்றினார்கள். ஏப்ரல் 5-ம் தேதி ஒச்சோமோகோ மேட்டில் இரு தரப்பும் மோதிக்கொண்டன. குடியரசுக் கட்சிக்குத் தலைமை தாங்கியவர் கிரெகோரியோ ஹோசே ராமிரெஸ் என்ற இளைஞர், கப்பலோட்டி. சில மணி நேரச் சண்டை. சுமார் இருபது பேர் செத்தார்கள். குடியரசுக் கட்சி ஜெயித்தது.

மற்ற நாடுகளின் போர்களோடு வைத்துப் பார்த்தால் இருபது பேர் என்பது பெரிய கணக்கல்ல. ஆனால், இந்தச் சண்டையைப் பற்றி ஒரு விஷயம் தெரிந்தால் மனசு கனத்துப்போகும். மெக்ஸிகோவின் பேரரசர் மார்ச் 19-ம் தேதியே பதவியை விட்டு இறங்கிவிட்டார். ஒச்சோமோகோவில் துப்பாக்கி வெடித்தபோது சேர்வதற்கு அங்கே பேரரசே இல்லை. அந்தச் செய்தியும் எங்கோ ஒரு கோவேறு கழுதையின் முதுகில் வந்துகொண்டிருந்தது. இல்லாத ஒன்றோடு சேர்வதா, சேராமல் இருப்பதா என்பதற்காக, ஒருவரையொருவர் தெரிந்த அக்கம்பக்கத்து ஊர்க்காரர்கள் உயிரை விட்டார்கள்.

ராமிரெஸ் அதற்குப் பிறகு செய்ததுதான் முக்கியம். ஊர் முழுக்க அவர் கையில் இருந்தது. பத்துப் பன்னிரண்டு நாள்கள் பொறுப்பை வைத்திருந்தார். பிறகு சபையைக் கூட்டி ஒப்படைத்துவிட்டு வீட்டுக்குப் போனார். அதே வருடக் கடைசியில் 27 வயதில் இறந்துபோனார். தலைநகரம் கார்த்தகோவிலிருந்து சான் ஹோசேக்கு மாறியது.

அடுத்த ஆண்டு அதே கேள்வி வேறொரு இடத்தில் எழுந்தது. வடமேற்கில், நிகரகுவா எல்லையை ஒட்டியது நிகோயா பகுதி. நிகரகுவாவோடு இருப்பதா, கோஸ்டா ரிக்காவோடு சேர்வதா? அங்கே யாரும் துப்பாக்கியை எடுக்கவில்லை. 1824 ஜூலை 25-ம் தேதி நிகோயாவில் ஊர்க்கூட்டம் கூட்டிப் பேசி, கோஸ்டா ரிக்காவோடு சேர்வது என்று முடிவெடுத்தார்கள். இன்றைக்கும் ஜூலை 25 அந்த நாட்டில் விடுமுறை நாள்.

ஆனாலும் நான்கு ஊர்களின் பகை லேசில் அடங்கவில்லை. 1834-ல் அதற்கு ஒரு வினோதமான வைத்தியம் கண்டுபிடித்தார்கள். தலைநகரம் நான்கு வருடங்களுக்கு ஒருமுறை ஊர் மாறும் என்று சட்டம் போட்டார்கள். நாத்தனார், ஓரகத்தி சண்டை வராமல் இருக்க வீட்டுச் சாவியை முறை வைத்து வைத்துக்கொள்வது மாதிரி. சரிப்படவில்லை. மறு வருடமே மற்ற மூன்று ஊர்களும் சேர்ந்து சான் ஹோசேயோடு போருக்குப் போயின. சான் ஹோசே ஜெயித்தது. தலைநகரம் அங்கேயே தங்கிவிட்டது.

காப்பியும் கொடியும்

நாட்டை ஒட்ட வைத்தது கடைசியில் காப்பிதான். மலைச்சரிவு மண் காப்பிக்கு ஏற்றது என்று தெரிந்ததும், நடுவதற்குக் கன்றுகளை இனாமாகக் கொடுத்தார்கள். 1831-ல் ஒரு சட்டம் வந்தது: அரசு நிலத்தில் ஐந்து வருடம் காப்பி வளர்த்தால் அந்த நிலம் அவருக்கே சொந்தம். வண்ணம் தீட்டிய மாட்டு வண்டிகள் மலையிலிருந்து பசிபிக் கரைக்கு மூட்டைகளை இறக்கின. 1843-ல் வில்லியம் லெ லஷூர் என்ற கப்பல் தலைவர் லண்டனுக்கு நேரடியாகக் காப்பி ஏற்றிப்போனார். பணம் வந்தது. கூடவே பணக்காரர்களும் வந்தார்கள்; சிறு விவசாயிகள் அவர்களிடம் கடன்பட்டார்கள். எல்லோரும் சமம் என்ற கதை அங்கேயும் கொஞ்சம் கிழிந்தது.

மத்திய அமெரிக்க நாடுகள் ஐந்தும் சேர்ந்து ஒரு கூட்டாட்சி நடத்திப் பார்த்தன. அடிதடிதான் மிச்சம். 1838-ல் கோஸ்டா ரிக்கா விலகியது. 1848 ஆகஸ்ட் 31-ம் தேதி தன்னைத் தனிக் குடியரசு என்று அறிவித்தது. முதல் சுதந்திரக் கடிதம் வந்து இருபத்தேழு வருடம் ஆகியிருந்தது!

புதுக் குடியரசுக்குக் கொடி வேண்டும். அந்த ஆண்டுதான் பிரான்ஸில் புரட்சி நடந்து குடியரசு வந்திருந்தது. அந்த மூவண்ணத்தை மனத்தில் வைத்து நீலம், வெள்ளை, சிவப்புப் பட்டைகளில் கொடியை வடிவமைத்தவர் பாசிபிகா பெர்னாண்டஸ், ஜனாதிபதியின் மனைவி. நாட்டின் கொடியையே அவர் கையில் கொடுத்தார்கள். ஓட்டுப் போடும் உரிமையை மட்டும் கொடுக்கவில்லை. அதற்கு நூறு வருடம் காத்திருக்க வேண்டியிருந்தது.

கேட்டு வாங்கிய விலை

சும்மா கிடைத்த சுதந்திரத்துக்கு விலை 1856-ல் வந்தது. அமெரிக்காவின் டென்னசியைச் சேர்ந்த வில்லியம் வாக்கர் என்பவர் அறுபதுக்கும் குறைவான ஆட்களோடு 1855-ல் நிகரகுவாவுக்குள் நுழைந்தார். உள்ளூர் சண்டையில் ஒரு கட்சிக்குத் துணை என்று வந்தவர், சீக்கிரமே அந்த நாட்டையே கையில் எடுத்துக்கொண்டார். மறு வருடம் தானே ஜனாதிபதி ஆனார். ஒழித்திருந்த அடிமை முறையையும் திரும்பக் கொண்டுவந்தார். அவர் பார்வை மத்திய அமெரிக்கா முழுவதன் மீதும் இருந்தது.

கோஸ்டா ரிக்காவின் ஜனாதிபதி ஹுவான் ரபாயேல் மோரா, வாக்கர் ஜனாதிபதி ஆவதற்கு முன்பே ஆபத்தைப் புரிந்துகொண்டார். காப்பித் தோட்டத்து ஆட்கள் அரிவாளும் துப்பாக்கியுமாகக் கிளம்பினார்கள். மார்ச் 20-ம் தேதி சாந்தா ரோசா பண்ணையில் நடந்த சண்டை கால் மணி நேரத்துக்குள் முடிந்தது. அங்கிருந்து எல்லை தாண்டி நிகரகுவாவின் ரிவாஸ் நகருக்குள் போனார்கள். ஏப்ரல் 11-ம் தேதி வாக்கரின் ஆட்கள் ஒரு சத்திரத்துக்குள் இருந்துகொண்டு சுட்டுத் தள்ளினார்கள். கட்டடத்துக்குத் தீ வைத்தால்தான் வழி. அலஹுவேலாவைச் சேர்ந்த ஹுவான் சாந்தாமரியா என்ற இளைஞர், படையில் முரசு கொட்டுபவர், தீப்பந்தத்தோடு ஓடினார். தீ பிடித்தது. அவர் திரும்பி வரவில்லை.

அவருடைய அம்மா ஏழை. 1857-ல் அரசாங்கத்துக்கு ஒரு மனு கொடுத்தார். மகன் போரில் இறந்துவிட்டான், என்னைக் காப்பாற்ற வேறு ஆளில்லை என்று. சிறு ஓய்வூதியம் கொடுத்தார்கள். அந்த மகனுக்கு அலஹுவேலாவில் சிலை திறக்க 1891 ஆனது. இன்று நாட்டின் பெரிய விமான நிலையத்துக்கு அவர் பெயர்தான். அவர் கதைக்கு இருக்கும் பழைய ஆவணங்களில் முக்கியமானது, அந்தத் தாய் வயிற்றுப்பாட்டுக்காகக் கொடுத்த மனு.

போரைவிடப் பெரிய அடி பிறகு வந்தது. ரிவாஸில் படைக்குள் காலரா புகுந்தது. திரும்பி வந்த வீரர்களோடு அது வீடு வீடாக நுழைந்தது. சில மாதங்களுக்குள் நாட்டு ஜனத்தொகையில் ஏறக்குறைய பத்தில் ஒருவர் போய்விட்டார்கள். ஜெயித்த நாட்டில் சாவு விழாத தெரு இல்லை.

வாக்கர் 1857 மே மாதம் சரணடைந்து ஊர் போனார். மறுபடி முயன்று, 1860 செப்டம்பர் 12-ம் தேதி ஹோண்டுராஸில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவரை விரட்டிய ஜனாதிபதி மோராவுக்கு என்ன ஆனது? 1859-ல் அவர் பதவி பறிக்கப்பட்டது. ஆட்சியைத் திரும்பப் பிடிக்க வந்தபோது சிக்கினார். 1860 செப்டம்பர் 30-ம் தேதி சொந்த நாட்டவர்களே அவரைச் சுட்டார்கள். பகைவனுக்கும் நாயகனுக்கும் இடையே பதினெட்டே நாள்.

சுத்தியல் ஓசை

அதற்குப் பின் பள்ளிக்கூடங்கள் பெருகின. 1869-ல் ஆரம்பக் கல்வி இலவசம், கட்டாயம் என்று அரசியல் சட்டத்திலேயே எழுதினார்கள். 1882-ல் மரண தண்டனையை ஒழித்தார்கள். கரீபியக் கரைக்கு ரயில் பாதை போட ஜமைக்காவிலிருந்து கறுப்பின மக்களைக் கொண்டுவந்தார்கள். பாதையோரம் வாழைத் தோட்டங்கள் வந்தன. பாதை போட்டவர்களின் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் அந்த மண்ணிலேயே பிறந்தும் பலருக்குக் குடியுரிமை கிடைக்கவில்லை. 1934-ல் பசிபிக் கரையோரப் புதுத் தோட்டங்களில் அவர்களை வேலைக்கு வைக்கக் கூடாது என்றே சட்டம் வந்தது.

1948 பிப்ரவரியில் ஒரு தேர்தல். எதிர்க்கட்சியின் ஒதிலியோ உலாதே ஜெயித்ததாக அறிவிப்பு வந்தது. நாடாளுமன்றம் முடிவைச் செல்லாது என்றது. ஹோசே பிகேரஸ் என்ற தோட்டக்காரர் ஆயுதம் ஏந்தினார். 44 நாள் உள்நாட்டுப் போரில் சுமார் இரண்டாயிரம் பேர் மாண்டார்கள். பிகேரஸ் ஜெயித்தார்.

வழக்கமாக இப்படி ஜெயிப்பவர்கள் அடுத்துச் செய்வது சொந்தமாக ஒரு படையைக் கட்டுவதுதான். பிகேரஸ் 1948 டிசம்பர் 1-ம் தேதி சான் ஹோசேயின் பெல்லாவிஸ்தா படைவீட்டுக்குப் போனார். ஒரு பெரிய சுத்தியலை எடுத்துக் கோட்டைச் சுவரில் அடித்தார். ராணுவத்தைக் கலைத்தாயிற்று என்று அறிவித்தார். படைவீட்டின் சாவியைக் கல்விக்காரர்களிடம் ஒப்படைத்தார். அது தேசிய அருங்காட்சியகம் ஆனது. இன்றும் அதன் சுவரில் பழைய குண்டு துளைத்த பொத்தல்கள் அப்படியே இருக்கின்றன.

அதற்குள் பிகேரஸை மகானாக்கிவிட வேண்டியதில்லை. தோற்ற ராணுவம் திரும்பித் தன் மேலேயே பாயக் கூடாது என்ற கணக்கும் அதில் உண்டு. கம்யூனிஸ்ட் கட்சியை அவர் தடை செய்தார். தோற்றவர்கள் பலர் நாட்டைவிட்டு ஓட வேண்டியிருந்தது. ஆனால், பதினெட்டு மாதம் ஆண்டுவிட்டு, முன்பு தேர்தலில் ஜெயித்த உலாதேயிடமே ஆட்சியைக் கொடுத்துவிட்டுப் போனார். ஒச்சோமோகோ ராமிரெஸ் ஆரம்பித்து வைத்த வழக்கம்!

சுவரை இடித்துப் பத்தே நாளில் சோதனை வந்தது. தோற்றுப்போன முன்னாள் ஜனாதிபதி கால்தெரோனின் ஆட்கள் நிகரகுவாவிலிருந்து ஆயுதங்களோடு எல்லை தாண்டி வந்தார்கள். நாட்டில் ராணுவம் இல்லை. பிகேரஸ் அமெரிக்க நாடுகள் அமைப்பிடம் முறையிட்டார். அந்த அமைப்பு தலையிட்டது. வந்தவர்கள் திரும்பிப் போனார்கள். 1955-ல் மறுபடி ஒரு படையெடுப்பு. மறுபடி அதே முறையீடு. கோஸ்டா ரிக்கா ராணுவத்தைத் திரும்ப உருவாக்கவில்லை.

லா திக்ராவில் ஒரு ஓட்டு

1949 நவம்பரில் வந்த புதிய அரசியல் சட்டம் ராணுவம் கிடையாது என்பதை உறுதி செய்தது. பெண்களுக்கு ஓட்டுரிமை கொடுத்தது. அந்த மண்ணில் பிறந்த கறுப்பின மக்களுக்குக் குடியுரிமைக்கான கதவும் அந்தச் சமயத்தில்தான் திறந்தது.

மறு வருடம் ஜூலை 30-ம் தேதி. வடக்கே லா திக்ரா, லா போர்த்துனா என்று சிறு ஊர்கள். அந்த ஊர்களை எந்த வட்டத்தோடு வைத்துக்கொள்வது, சான் ரமோனோடா, சான் கார்லோஸோடா என்று கேட்டு ஒரு வாக்கெடுப்பு. லா திக்ராவில் பெர்னார்தா வாஸ்கெஸ் என்ற பெண் போய் ஓட்டைப் போட்டார். கோஸ்டா ரிக்காவில் ஓட்டுப் போட்ட முதல் பெண் அவர்தான்.

கேள்வியைக் கவனித்தால் தெரியும். யாரோடு சேர்வது? 1823-ல் ஒச்சோமோகோ மேட்டில் இருபது பேர் உயிரை விட்ட அதே கேள்வி. நிகோயாவில் ஊர்க்கூட்டம் கூட்டித் தீர்த்துக்கொண்ட அதே கேள்வி. 1950-ல் அதற்கு ஒரு கிராமத்துப் பெண் சீட்டில் பதில் எழுதிப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போனார்.

கோஸ்டா ரிக்காவில் இன்று ஐம்பது லட்சத்துக்கும் அதிகமானோர் இருக்கிறார்கள். கவலைகளும் இருக்கின்றன. போதைப்பொருள் கும்பல்களின் சண்டை ஒன்று. 2023-ல் மட்டும் நாட்டில் மொத்தம் 900-க்கு மேற்பட்ட கொலைகள் நடந்தன. நாட்டின் உற்பத்தி மதிப்பில் எட்டு சதவீதம் கல்விக்கு என்று அரசியல் சட்டம் சொல்கிறது. கொடுப்பது அதைவிடக் குறைவு என்று ஆசிரியர்களும் மாணவர்களும் தெருவில் இறங்கிக் கேட்கிறார்கள். சாவியை வாங்கிக்கொண்ட பள்ளிக்கூடத்துக்கே பணம் போதவில்லை என்பது அந்த நாட்டில் சாதாரண விஷயம் அல்ல.

செப்டம்பர் மாதம் வந்தால் குவாதமாலாவில் ஒரு தீப்பந்தத்தை ஏற்றுவார்கள். பள்ளி மாணவர்கள் கை மாற்றிக் கை மாற்றி, எல்லை எல்லையாகத் தாண்டி, பழைய தபால் வந்த திசையிலேயே ஓடிவருவார்கள். 1964-லிருந்து நடக்கும் வழக்கம் இது. கழுதைப் பாதை இப்போது தார்ச்சாலை. 14-ம் தேதி பந்தம் கார்த்தகோவுக்குள் நுழையும்போது சாலையோரம் குழந்தைகள் விளக்கோடு காத்திருப்பார்கள்.

முன்பு இருபத்தெட்டு நாள் தாமதமாக வந்த செய்தி. இப்போது ஒரு நாள் முன்னதாகவே வந்துவிடுகிறது.